கம்பெனி நம்பர் யாருக்கு?

கூட்டாளிகள் பிரிந்தால் கடையைப் பிரிக்கலாம், லாரியைப் பிரிக்கலாம். போனைப் பிரிக்க எந்த கோர்ட்டுக்குப் போவது? பாறசாலை – களியக்காவிளை எல்லையிலிருந்து ஒரு சட்டச் சிக்கலின் கதை.

ஓணத்துக்கு இன்னும் ஒரு வாரம். விடியற்காலை நாலு மணிக்கே இஞ்சிவிளைக்கும் களியக்காவிளைக்கும் இடையிலான ரோட்டில் குட்டியானை வண்டிகள் வரிசை கட்டிவிடும். வண்டி நிறைய ஏத்தன் குலைகள். காய்ந்த வாழைச்சருகின் வாடை, டீக்கடைப் பாய்லரின் புகை, லோடு இறக்குகிறவர்களின் சத்தம். இந்த நேரத்தில் குலைக்கடைக்காரர் கையில் தராசைவிட அதிகமாக இருப்பது போன்தான். பாலராமபுரத்திலிருந்து ஒருவர் மலையாளத்தில் விலை கேட்பார். அந்த அழைப்பு முடிவதற்குள் மார்த்தாண்டத்திலிருந்து இன்னொருவர் தமிழில் லோடு சொல்வார். இரண்டு பேருக்கும் கடைக்காரரின் முகம் தெரிய வேண்டியதில்லை, நம்பர் தெரிந்தால் போதும்.

இப்படி ஒரு கடையை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பெயர் வேண்டாம், இது ஒரு மாதிரிக் கடைதான். இரண்டு கூட்டாளிகள். மூத்தவருக்கு வீடு பாறசாலையில், இளையவருக்குக் களியக்காவிளையில். பல வருடம் முன்பு முத்திரைத்தாளில் பார்ட்னர்ஷிப் பத்திரம் எழுதி, பாறசாலைப் பக்கம் கடை போட்டார்கள். கடைப் பெயரில் ஒரு லேண்ட்லைன், பிறகு ஒரு மொபைல். கணக்கில் தகராறு வந்தது. இளையவர் எல்லைக்கு அந்தப் பக்கம் தனிக்கடை திறந்தார். போகும்போது மொபைலையும் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார்.

“நம்பரு கடைக்க நம்பராக்கும் தம்பி, வச்சிட்டுப் போ.”

“பாரம் எழுதி கையெழுத்துப் போட்டது நானில்லியா அண்ணே?”

இரண்டு பேர் சொல்வதும் உண்மை. வழக்கு பிறப்பதும் அதனால்தான். இந்த மாதிரிக் கடையைச் சுற்றி எழும் கேள்விகள் பலவற்றுக்குச் சட்டப் புத்தகத்தில் பதில் இருக்கிறது. சிக்கல் என்னவென்றால், அந்தப் பதில்கள் ஒவ்வொன்றும் வேறு வேறு வாசலைக் காட்டுகின்றன.

ரோட்டுக்கு இந்தப் பக்கம் 0471, அந்தப் பக்கம் 04651

1956 நவம்பர் 1 அன்று திருவிதாங்கூரின் தென்பகுதித் தாலுகாக்களான அகஸ்தீஸ்வரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு நான்கும் கன்னியாகுமரி மாவட்டமாகி இன்றைய தமிழ்நாட்டோடு சேர்ந்தன. திருவிதாங்கூர்த் தமிழ்நாடு காங்கிரஸ் கேட்ட நெய்யாற்றின்கரை கேரளத்திலேயே நின்றுவிட்டது. அந்தக் கோடு பாறசாலைக்கும் களியக்காவிளைக்கும் நடுவில் விழுந்தது. பெண் கொடுப்பதும் எடுப்பதும், கடை போடுவதும் கடன் வாங்குவதும் கோட்டைப் பார்த்து நடப்பதில்லை.

தொலைபேசித் துறை மட்டும் கோட்டைக் கவனமாகப் பார்த்தது. பாறசாலையும் நெய்யாற்றின்கரையும் திருவனந்தபுரத்தின் 0471 குறியீட்டுக்குள் வந்தன. களியக்காவிளை, மார்த்தாண்டம் எல்லாம் குழித்துறையின் 04651. மொபைல் வந்தபோது கேரளம் ஒரு வட்டம், தமிழ்நாடு இன்னொரு வட்டம். கடைக்குப் பின்புறம் நின்றால் சொந்த டவர், முன்புறம் வந்தால் ரோமிங் என்ற கூத்தெல்லாம் இந்த ஊர்கள் பார்த்தவைதான். ஜிஎஸ்டி வந்தபின் இன்னொரு எண் சேர்ந்தது: கேரளத்துப் பதிவு 32 என்று தொடங்கும், தமிழ்நாட்டுப் பதிவு 33 என்று தொடங்கும்.

இந்த ஜிஎஸ்டி விஷயத்தை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்வதில்லை; எடுத்துக்கொள்ள வேண்டும். லேண்ட்லைனுக்கு வரி, கருவி எங்கே பொருத்தப்பட்டிருக்கிறதோ அந்த மாநிலத்துக்குப் போகும். போஸ்ட்பெய்டு மொபைலுக்கு, பில் எந்த முகவரிக்குப் போகிறதோ அந்த மாநிலத்துக்கு. பில் முகவரி பாறசாலை என்று இருந்தால், அதில் வசூலான கேரள மாநில வரியைக் களியக்காவிளைக் கடையின் 33 கணக்கில் கழித்துக்கொள்ள முடியாது. பிரிந்துபோன கூட்டாளி பழைய பில் முகவரியை மாற்றாமலே நம்பரை ஓட்டிக்கொண்டிருந்தால், மாதாமாதம் இந்த நஷ்டமும் கூடவே ஓடும்.

ஆளில்லாத பெயர்

பில்லில் கம்பெனியின் பெயர் இருக்கிறது. அந்தக் கம்பெனி யார்?

1932-ம் ஆண்டின் இந்தியக் கூட்டாண்மைச் சட்டத்தின் 4-வது பிரிவு கறாராகச் சொல்கிறது: சேர்ந்து தொழில் செய்கிறவர்களுக்குத் தனித்தனியே பெயர் பங்குதாரர்கள், மொத்தமாகச் சேர்த்துச் சொன்னால் அதற்குப் பெயர் நிறுவனம். அவ்வளவுதான். லிமிடெட் கம்பெனிபோல அதற்குத் தனியாக உயிர் கிடையாது. கம்பெனி பெயரில் போன் என்றால், சட்டத்தின் கண்ணில் கூட்டாளிகள் எல்லோரும் சேர்ந்து வாங்கிய போன்.

இது நாம் இங்கிலாந்திடமிருந்து வாங்கிக்கொண்ட வழக்கம். அங்கே 1890-ல் வந்த கூட்டாண்மைச் சட்டத்தில் ஒரு வேடிக்கை உண்டு. இங்கிலாந்தில் கூட்டாண்மை நிறுவனம் தனி ஆள் இல்லை. ஸ்காட்லாந்துக்குள் மட்டும் அதே சட்டம் அதைத் தனிச் சட்ட ஆளாக ஏற்றுக்கொள்கிறது. எல்லை தாண்டினால் ஆளாகிவிடும் கம்பெனி! பாறசாலைக்காரர்களுக்கு அந்த அதிர்ஷ்டம் இல்லை. இஞ்சிவிளைக்கு இரண்டு பக்கமும் ஒரே சட்டம்தான்.

அதன் விளைவு 25-வது பிரிவில் தெரியும். நிறுவனத்தின் கடனுக்கு ஒவ்வொரு பங்குதாரரும் மற்றவர்களோடு சேர்ந்தும் தனியாகவும் பொறுப்பு. 40,000 ரூபாய் பில் பாக்கி என்றால் மூத்தவரிடம் பாதி, இளையவரிடம் பாதி என்று கேட்க வேண்டிய கட்டாயம் தொலைபேசி நிறுவனத்துக்கு இல்லை. யாரிடம் சொத்து தெரிகிறதோ அவரிடம் முழுத்தொகையையும் கேட்கலாம். கொடுத்தவர் கூட்டாளியிடம் பிறகு கணக்குப் பார்த்துக்கொள்ள வேண்டும்.

பழைய இந்தியத் தந்தி விதிகளில் 443-வது விதி இன்னும் ஒரு படி மேலே போனது. சந்தாதாரர் பணம் கட்டத் தவறினால், அவர் வாடகைக்கு எடுத்திருக்கும் எந்தத் தொலைபேசியையும் முன்னறிவிப்பு இல்லாமல் துண்டிக்கலாம் என்றது. பாக்கி வைத்த போனை மட்டும் என்று சொல்லவில்லை. கம்பெனிக்குத் தனி உயிர் இல்லை என்றால், கம்பெனி பாக்கிக்காக மூத்தவர் வீட்டுப் போனையும் வெட்டலாமா? இந்த ஒரு விதியின் வாசகத்துக்குள் பல குடும்பங்களின் நிம்மதி சிக்கியிருந்தது.

5,000 ரூபாயில் மூடிய வாசல்

பில்லில் தப்பு, இணைப்பைத் துண்டித்ததில் தப்பு என்று சந்தாதாரர் நினைத்தால் எங்கே போவது? இந்தக் கேள்விக்கான பதிலை நாடு முழுவதற்கும் மாற்றிய வழக்கு கேரளத்திலிருந்துதான் போனது.

கோழிக்கோட்டில் ஒருவரின் தொலைபேசியை, பில் கட்டவில்லை என்று துறை துண்டித்தது. அவர் மாவட்ட நுகர்வோர் மன்றத்துக்குப் போனார். 2001-ல் மன்றம் அவர் பக்கம் தீர்ப்புச் சொன்னது: இணைப்பைத் திரும்பக் கொடு, 5,000 ரூபாய் இழப்பீடு கொடு, புகார் கொடுத்த நாளிலிருந்து 12 சதவீத வட்டியும் கொடு. தொகை சின்னது. துறை விடவில்லை. நுகர்வோர் மன்றத்துக்கு இதை விசாரிக்கவே அதிகாரம் இல்லை என்று கேரள உயர் நீதிமன்றம் போனது. தனி நீதிபதியிடம் தோற்றது. 2003-ல் முழு அமர்வும் கைவிட்டது. அடுத்து டெல்லி.

2009 செப்டம்பர் 1 அன்று நீதிபதிகள் மார்க்கண்டேய கட்ஜுவும் அசோக் குமார் கங்கூலியும் சில பக்கங்களில் முடித்துவிட்டார்கள். 1885-ம் ஆண்டுத் தந்திச் சட்டத்தில் 7-பி என்று ஒரு பிரிவு இருக்கிறது. தொலைபேசிக் கம்பி, கருவி பற்றித் துறைக்கும் சந்தாதாரருக்கும் தகராறு வந்தால், மத்திய அரசு நியமிக்கும் நடுவர்தான் தீர்க்க வேண்டும். அவர் முடிவே இறுதி. சிறப்புச் சட்டம் இருக்கும்போது பொதுச் சட்டமான நுகர்வோர் சட்டம் நுழைய முடியாது என்றது உச்ச நீதிமன்றம்.

5,000 ரூபாய்க்காகக் கட்டிய வழக்கில் நாடு முழுவதும் நுகர்வோர் மன்றங்களின் வாசல் சாத்தப்பட்டது. துறையின் பில்லைத் துறையோ அரசோ அமர்த்தும் நடுவரிடம் எதிர்ப்பது எவ்வளவு தூரம் நடக்கும் என்பது பில் கட்டுகிற யாருக்கும் தெரியும். நடுவர் முடிவை எதிர்க்க உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுதான் வழி. பாறசாலைக் கடைக்காரர் அதற்கு எர்ணாகுளம் போக வேண்டும், களியக்காவிளைக் கடைக்காரர் மதுரைக் கிளைக்குப் போக வேண்டும். ஏத்தன் குலை வியாபாரி ஆயிரத்துச் சொச்சம் ரூபாய் பில் தகராறுக்கு எர்ணாகுளம் போவாரா? பணத்தைக் கட்டிவிட்டு வேலையைப் பார்ப்பார். அந்தத் தீர்ப்பின் உண்மையான விளைவு, பதிவாகாமலே போன இந்த வழக்குகள்தான்.

2014-ல் ஒரு சன்னல் திறந்தது. தனியார் நிறுவனங்கள் தந்தி அதிகாரி ஆகமாட்டா, 7-பி அவற்றுக்குப் பொருந்தாது என்று தொலைத்தொடர்புத் துறையே ஜனவரியில் கடிதம் எழுதியது. தேசிய நுகர்வோர் ஆணையமும் மே மாதம் அதை ஏற்றுக்கொண்டது. ஆனால் எல்லைக் கிராமத்துக் கடைகளில் சுவரோடு ஒட்டியிருந்த லேண்ட்லைன்கள் பெரும்பாலும் பிஎஸ்என்எல். அந்தச் சன்னல் இந்தக் கடைக்காரர்கள் பக்கம் திறக்கவில்லை.

முழு வாசலும் திறந்தது 2022 பிப்ரவரி 16 அன்று. அகமதாபாதில் மாத வாடகை 249 ரூபாய் கட்டிக்கொண்டிருந்த ஒரு வோடஃபோன் வாடிக்கையாளருக்கு ஒரே மாதத்தில் 24,609 ரூபாய் 51 காசு பில் வந்தது. 2014-ல் அவர் போட்ட புகாரின் மேல், விசாரிக்க அதிகாரம் உண்டா இல்லையா என்ற ஒரே கேள்வியோடு கம்பெனி உச்ச நீதிமன்றம்வரை போனது. நீதிபதி சந்திரசூட் தலைமையிலான மூவர் அமர்வு, நுகர்வோர் சட்டம் மற்ற சட்டங்களுக்கு மேலதிகமான வழி, 7-பி அதை அடைக்காது, 2009-ன் பார்வை சரியல்ல என்றது. பன்னிரண்டரை வருடம் மூடிக்கிடந்த வாசல்.

■ பெட்டி: பில் தகராறா? வரிசையாக இங்கே போங்கள்

முதலில் கம்பெனியின் புகார் மையம். புகார் எண்ணை எழுதி வைத்துக்கொள்ளுங்கள். அது இல்லாமல் அடுத்த படி இல்லை. பதில் திருப்தி இல்லையென்றால், தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராயின் 2012-ம் ஆண்டு ஒழுங்குமுறைப்படி அதே நிறுவனத்தின் மேல்முறையீட்டு அதிகாரி. இதற்குக் கட்டணம் இல்லை.

அடுத்து மாவட்ட நுகர்வோர் ஆணையம். 2020 ஜூலை 20 முதல் நடைமுறையில் இருக்கும் 2019-ம் ஆண்டுச் சட்டத்தில் ‘சேவை’ என்பதன் பட்டியலில் தொலைத்தொடர்பு நேரடியாகவே இடம்பெற்றுவிட்டது. கொடுத்த கட்டணம் 5 லட்சம் ரூபாய்வரை இருந்தால் மனுவுக்குக் கட்டணம் கிடையாது. இரண்டு வருடத்துக்குள் போட வேண்டும்.

எல்லைக்காரர்களுக்கு முக்கியம்: புகார்தாரர் குடியிருக்கும் ஊரிலேயே போடலாம். களியக்காவிளைக்காரர் கேரள வட்டத்து இணைப்பு பற்றி நாகர்கோவிலிலேயே புகார் கொடுக்க முடியும். பழைய 1986 சட்டத்தில் இந்த வசதி இல்லை.

வாசல் திறந்தது, ஆனால் கம்பெனிக்கு?

நம் குலைக்கடைக்கு இங்கே இன்னொரு முட்டுக்கட்டை. நுகர்வோர் சட்டத்தில் ‘ஆள்’ என்ற சொல்லுக்குள் நிறுவனமும் அடங்கும், பதிவு செய்திருந்தாலும் செய்யாவிட்டாலும். அந்தவரைக்கும் நல்லது. ஆனால் வணிக நோக்கத்துக்காகச் சேவை வாங்கியவர் நுகர்வோர் ஆகமாட்டார் என்று 2003 மார்ச் முதல் சேர்த்துவிட்டார்கள். கடைப் பெயரில், கடை முகவரியில், கடை வியாபாரத்துக்காக எடுத்த போன். வக்கீல் எழுந்து இதைத்தான் முதலில் சொல்வார்.

தப்பிக்க ஒரு வழி உண்டு. தன் பிழைப்புக்காகச் சுயதொழில் செய்கிறவர் வாங்கினால் அது வணிக நோக்கம் ஆகாது. இதை விளக்கிய 1995-ம் ஆண்டு உச்ச நீதிமன்றத் தீர்ப்பில் எதிர்த்தரப்பு நம் கோயம்புத்தூர் பிஎஸ்ஜி தொழில் நிறுவனம். ஓட்டிப் பிழைக்க ஆட்டோ வாங்குகிறவர் நுகர்வோர்தான் என்பது அந்தத் தீர்ப்பு காட்டிய வழி. இரண்டு பேர் உட்கார்ந்து குலை விற்கும் கடை இதற்குள் வருமா, பத்து லாரி ஓட்டும் மண்டி வருமா என்பதை ஒவ்வொரு வழக்கிலும் சாட்சியத்தை வைத்துத்தான் முடிவு செய்வார்கள்.

என்னைக் கேட்டால், கம்பெனி பெயரில் இருக்கும் போனுக்கு இன்னும் நேரான இடம் நிரந்தர மக்கள் நீதிமன்றம். 1987-ம் ஆண்டுச் சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தில் 2002-ல் சேர்த்த அத்தியாயம் இது. பொதுப் பயன்பாட்டுச் சேவைகளின் பட்டியலில் தபால், தந்தியோடு தொலைபேசியும் இருக்கிறது. வணிக நோக்கமா என்று அங்கே யாரும் கேட்கமாட்டார்கள். கோர்ட் கட்டணம் இல்லை. 1 கோடி ரூபாய்வரையான தகராறுகளை எடுத்துக்கொள்வார்கள். சாதாரண மக்கள் நீதிமன்றத்துக்கும் (லோக் அதாலத்) இதற்கும் பெரிய வித்தியாசம்: சமரசம் ஏற்படாவிட்டாலும் இவர்களே வழக்கைத் தீர்த்து முடிவு சொல்ல முடியும். திருவனந்தபுரத்தில் ஒன்று இயங்குகிறது. இவ்வளவு பொருத்தமான இடம் இருந்தும், போன் பில்லை எடுத்துக்கொண்டு அங்கே போகலாம் என்று எத்தனை கடைக்காரர்களுக்குத் தெரியும்?

விலகிய பிறகும் வரும் பில்

இதுவரை பார்த்தது கம்பெனிக்கும் தொலைபேசி நிறுவனத்துக்கும் இடையே. வலிப்பது அடுத்தது: கூட்டாளிகளுக்குள்.

“நான் விலகிக்கிடுதேன்” என்று சொல்லிவிட்டு வந்தால் விலகல் ஆகிவிடும் என்று பலர் நம்புகிறார்கள். நம் கடையில் இருப்பது இரண்டே பேர். ஒருவர் போய்விட்டால் கூட்டு எங்கே இருக்கும்? 2020 மே மாதம் குரு நானக் இண்டஸ்ட்ரீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது: இருவர் மட்டுமே உள்ள நிறுவனத்தில் ஒருவர் வெளியேறினால் அது விலகல் அல்ல, கலைப்பு. அப்படியென்றால் மொத்தக் கணக்கையும் முடிக்க வேண்டும். கடன்களை அடைத்து, மிச்சத்தைப் பிரித்து, கடையின் நற்பெயரான குட்வில்லுக்கும் விலை போட வேண்டும்.

கணக்கு முடிந்தாலும் வெளியாட்களுக்குச் சொல்லாதவரை பொறுப்பு முடியாது. கூட்டாண்மைச் சட்டத்தின் 45-வது பிரிவின்படி, பொது அறிவிப்பு கொடுக்கும்வரை, கலைந்த நிறுவனத்தின் பெயரில் ஒருவர் செய்யும் காரியத்துக்கு மற்றவரும் வெளியாட்களிடம் பொறுப்பு. இளையவர் களியக்காவிளையில் உட்கார்ந்து அதே கம்பெனி கணக்கில் இன்னும் நாலு சிம் எடுத்தால், பில் பாறசாலைக்கு வரும். மூத்தவரால் “எனக்குத் தெரியாது” என்று மட்டும் சொல்லித் தப்பிக்க முடியாது.

பொது அறிவிப்பு என்றால் கடை வாசலில் காகிதம் ஒட்டுவது அல்ல. 72-வது பிரிவு முறையைச் சொல்கிறது: பதிவு செய்த நிறுவனமென்றால் நிறுவனப் பதிவாளருக்குத் தெரிவிக்க வேண்டும், அரசிதழில் வர வேண்டும், நிறுவனம் இருக்கும் மாவட்டத்தில் புழங்கும் வட்டார மொழிப் பத்திரிகை ஒன்றிலாவது வர வேண்டும். இங்கேதான் எல்லை காலை வாருகிறது. கடை பாறசாலையில் இருந்தால் மாவட்டம் திருவனந்தபுரம். இளையவர் தன் ஊரில் எல்லோரும் படிக்கும் தமிழ்ப் பத்திரிகையின் நாகர்கோவில் பதிப்பில் விளம்பரம் கொடுத்துவிட்டு நிம்மதியாகத் தூங்கினால், அந்தப் பதிப்பு திருவனந்தபுரம் மாவட்டத்தில் புழங்குகிறதா என்று ஒருநாள் சாட்சிக் கூண்டில் பதில் சொல்ல வேண்டியிருக்கும். பத்திரிகை விளம்பரத்தோடு, தொலைபேசி நிறுவனத்துக்குத் தனியாக ஒரு பதிவுத் தபாலும் அனுப்பி ஒப்புகைச் சீட்டை வைத்துக்கொள்வது மலிவான பாதுகாப்பு.

சிம் யாரிடமோ, சாவி அவரிடம்

லேண்ட்லைன் காலத்தில் சண்டை பில்லோடு முடிந்தது. கருவி சுவரில் இருந்தது, யாரும் தூக்கிக்கொண்டு ஓட முடியாது. மொபைல் அப்படியா?

கம்பெனியின் வங்கிக் கணக்குக்கு ஓடிபி அந்த நம்பருக்குத்தான் போகும். ஜிஎஸ்டி தளத்தில் நுழைய, ரிட்டர்ன் போட, அந்த நம்பர் வேண்டும். யுபிஐ அதில்தான். வாட்ஸ்அப்பில் குலை விலை போடும் குழு, நூற்றுக்கணக்கான வாடிக்கையாளர்களின் எண்கள், கடைப் பலகையிலும் பில் புத்தகத்திலும் லாரிக் கதவிலும் எழுதிய எண், எல்லாம் அது ஒன்றே. சிம்மை எடுத்துக்கொண்டு போனவர், மூத்தவரை அவருடைய சொந்தக் கம்பெனியின் வங்கிக் கணக்குக்கு வெளியே நிறுத்திவிட முடியும். கடையின் சாவியைவிட இது பெரிய சாவி.

சட்டப்படி நம்பர் யாருடையது? கூட்டாளிகள் யாருடையதும் அல்ல. தேசிய எண் திட்டத்தில் அரசு ஒதுக்கும் வளம் அது. சந்தாதாரருக்கு இருப்பது பயன்படுத்தும் உரிமை மட்டும். ஆனால் அந்த எண்ணைச் சுற்றிச் சேர்ந்த பெயரும் வாடிக்கையும் குட்வில். குட்வில் நிறுவனத்தின் சொத்து என்கிறது கூட்டாண்மைச் சட்டத்தின் 14-வது பிரிவு. கலைந்தபின் கணக்கு முடியும்வரை எந்தக் கூட்டாளியும் நிறுவனத்தின் பெயரிலோ சொத்திலோ தனியாக லாபம் பார்க்காமல் தடுக்க மற்றவருக்கு உரிமை உண்டு என்கிறது 53-வது பிரிவு. மூத்தவரின் வக்கீல் பிடிக்க வேண்டிய கொம்பு இதுதான். “நம்பர் எங்களுடையது” என்று வாதாடினால் தோற்கலாம். “அந்த நம்பரில் வரும் வியாபாரம் கம்பெனியுடையது” என்று வாதாடினால் இடைக்காலத் தடை கிடைக்க வழி இருக்கிறது.

இளையவர் பக்கமும் வேலை நடக்கும். முதல் வேலை, 1900-க்குக் குறுஞ்செய்தி அனுப்பி வேறு கம்பெனிக்கு மாறப் பார்ப்பது. அது அவ்வளவு சுலபம் இல்லை.

■ பெட்டி: போர்ட் ஆகாத நம்பர்

கம்பெனி பெயரிலுள்ள மொபைலை மாற்ற, நிறுவனத்தின் அதிகாரம் பெற்றவர் கையெழுத்திட்ட கடிதம் வேண்டும். போஸ்ட்பெய்டு பாக்கி இருந்தால் மறுப்பார்கள். இணைப்பு எடுத்து 90 நாள் ஆகவில்லையென்றாலும் மறுப்பார்கள். உரிமையாளர் பெயர் மாற்றக் கோரிக்கை நிலுவையில் இருந்தாலும் மறுப்பார்கள்.

2009-ம் ஆண்டு எண் மாற்று ஒழுங்குமுறையில் இன்னும் இரண்டு காரணங்கள்: அந்த நம்பர் நீதிமன்ற விசாரணையில் இருந்தால், அல்லது நீதிமன்றம் தடை செய்திருந்தால், போர்ட் ஆகாது. வழக்குப் போட்ட கையோடு வழக்கு எண்ணைத் தொலைபேசி நிறுவனத்துக்கு எழுத்தில் தெரிவித்துவிட வேண்டும். சொல்லாவிட்டால் அவர்களுக்கு எப்படித் தெரியும்?

சிம் தொலைந்துவிட்டது என்று பொய் சொல்லி மாற்றுச் சிம் வாங்கும் குறுக்குவழிக்கு இப்போது விலை அதிகம். 2023-ம் ஆண்டுத் தொலைத்தொடர்புச் சட்டத்தின் 42-வது பிரிவு, ஏமாற்றியோ ஆள்மாறாட்டம் செய்தோ சிம் பெற்றால் மூன்றாண்டுவரை சிறை, 50 லட்சம் ரூபாய்வரை அபராதம் அல்லது இரண்டும் என்கிறது. இந்தப் பிரிவு 2024 ஜூன் 26 முதல் நடைமுறையில் இருக்கிறது. 2023 ஆகஸ்டில் வந்த விதிகளின்படி, நிறுவனத்தின் பெயரில் எடுக்கும் ஒவ்வொரு சிம்மையும் உண்மையில் யார் பயன்படுத்துகிறார் என்ற அடையாளமும் பதிவாக வேண்டும். கூட்டாளிகளுக்கு இது இருபக்கமும் வெட்டும். கம்பெனிதான் சந்தாதாரர் என்பது நிலைக்கும். பயன்படுத்துகிறவர் இன்னார் என்ற ஆதாரமும் இளையவர் கையில் இருக்கும்.

நெய்யாற்றின்கரையா, குழித்துறையா?

கூட்டாளி மேல் வழக்கு என்றால் சிவில் நீதிமன்றம். சிவில் நடைமுறைச் சட்டத்தின் 20-வது பிரிவின்படி, எதிராளி குடியிருக்கும் இடத்திலும் போடலாம், வழக்குக்கான காரணம் ஓரளவாவது நடந்த இடத்திலும் போடலாம். மூத்தவர் நெய்யாற்றின்கரையில் போடுவார், கடை பாறசாலையில் இருந்ததால். இளையவர் முந்திக்கொண்டால் குழித்துறையில் போடுவார், நம்பர் இப்போது ஓடுவது களியக்காவிளையில் என்பதால். ஒரே சண்டைக்கு இரண்டு வழக்கு, ஒன்றில் ஆவணங்கள் மலையாளத்தில், ஒன்றில் தமிழில்.

இரண்டையும் ஒரே இடத்தில் சேர்த்து நடத்தலாமே? இங்கேதான் சட்டம் சிரிக்க வைக்கிறது. இரண்டு நீதிமன்றங்களுக்கும் இடையே சுமார் 20 கிலோமீட்டர், பஸ்ஸில் ஒரு மணி நேரம். ஆனால் ஒரு மாநிலத்து நீதிமன்றத்திலிருந்து இன்னொரு மாநிலத்து நீதிமன்றத்துக்கு வழக்கை மாற்ற, அதே சட்டத்தின் 25-வது பிரிவின்படி உச்ச நீதிமன்றத்தில்தான் மனுப்போட வேண்டும். பக்கத்து ஊர் அமரவிளைக்குப் போய்வர டெல்லி வழியாக டிக்கெட் எடுப்பது மாதிரி.

ஜெயித்த பிறகும் வேலை இருக்கிறது. நெய்யாற்றின்கரைத் தீர்ப்பை வைத்துக் களியக்காவிளையில் சொத்தைப் பற்ற, 39-வது பிரிவின்படி தீர்ப்பாணையைக் குழித்துறைக்கு அனுப்பி அங்கே நிறைவேற்ற மனுப்போட வேண்டும். பத்திரத்தில் நடுவர் பிரிவு இருந்தால் இந்தச் சுற்றில் பாதி மிச்சம். கூட்டாண்மையைக் கலைக்கும் அதிகாரம்கூட நடுவருக்கு இருக்க முடியும் என்று 2000-லேயே உச்ச நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது.

பதிவு செய்யாத கூட்டாண்மைக்குக் கூட்டாண்மைச் சட்டத்தின் 69-வது பிரிவு காத்திருக்கிறது. நிறுவனத்தைப் பதிவு செய்வது கட்டாயம் இல்லை என்பதால் பலர் முத்திரைத்தாளோடு நின்றுவிடுகிறார்கள். அப்படிப்பட்ட நிறுவனம், தொலைபேசி நிறுவனத்தோடு செய்த ஒப்பந்தத்தை வைத்துச் சிவில் வழக்குப் போட முடியாது. கூட்டாளிகளுக்குள்ளும், கலைக்கவும் கணக்குக் கேட்கவும் விதிவிலக்கு உண்டு. அதற்கு வெளியே பத்திரத்திலுள்ள உரிமைகளைக் கேட்டு நேராக வழக்குப் போட முடியாது. பதிவுக் கட்டணத்தை மிச்சம் பிடித்தவர்கள் அந்த ரூபாயைத் தேடிக்கொண்டிருப்பது பெரும்பாலும் முன்சீப் கோர்ட் வராந்தாவில்தான்.

பத்திரத்தில் இல்லாத ஒரு வரி

பார்ட்னர்ஷிப் பத்திரங்களில் எல்லாம் எழுதுகிறார்கள். முதலீடு, லாபப் பங்கு, வங்கியில் யார் கையெழுத்து, யார் இறந்தால் யார் வாரிசு. போன் நம்பரை எழுதுவதில்லை. எழுதியிருந்தால் போதும் என்று சொல்லக் காரணம், கூட்டாண்மைச் சட்டத்தின் 53-வது பிரிவே ‘கூட்டாளிகளுக்குள் வேறு ஒப்பந்தம் இல்லாவிட்டால்’ என்றுதான் சொல்கிறது. ஒப்பந்தம் இருந்தால் அதுவே பேசும். பத்திர எழுத்தரிடம் இப்படி ஒரு வரி கேளுங்கள்: “நிறுவனத்தின் பெயரிலுள்ள எல்லாத் தொலைபேசி எண்களும் நிறுவனத்தின் குட்வில்லைச் சேர்ந்தவை, கூட்டு கலைந்தால் குட்வில்லை எடுத்துக்கொள்ளும் பங்குதாரருக்கு எண்ணை மாற்றித்தர மற்றவர் 15 நாளில் கையெழுத்திட வேண்டும், அதுவரை பில்லை இன்னார் கட்ட வேண்டும்.” நாள்கணக்கை உங்கள் வசதிக்கு மாற்றிக்கொள்ளலாம். கடைசித் துண்டை மட்டும் விட்டுவிடாதீர்கள்.

ஏனென்றால் வழக்கு நடக்கும்போது சிம்மும் செத்துப்போகும். 90 நாள் பயன்பாடே இல்லாத ப்ரீபெய்டு எண்ணை நிறுவனம் முடக்கலாம். கணக்கில் 20 ரூபாயாவது இருந்தால் அதை எடுத்துக்கொண்டு நீட்டிக்கும் வசதியை டிராய் 2013-லேயே ஏற்படுத்தியது. முடங்கிய எண் சில மாதங்களில் வேறு யாருக்கோ போய்விடும். போர்ட் செய்யத் தடை வாங்கிய மூத்தவர், சிம் தன்னிடம் இல்லாததால் ரீசார்ஜ் செய்யத் தோன்றாமல் இருப்பார். சிம்மை வைத்திருக்கும் இளையவர், தோற்றால் தனக்கு உதவாத எண்ணுக்கு ஏன் பணம் போடப் போகிறார்? எனவே இடைக்காலத் தடை கேட்கும் மனுவிலேயே, தீர்ப்பு வரும்வரை எண்ணை உயிரோடு வைக்கும் செலவு யாருடையது, ஓடிபி வந்தால் யார் யாருக்குச் சொல்ல வேண்டும் என்றும் கேட்டுவிடுவதுதான் வக்கீல் செய்ய வேண்டிய வேலை.